படகு வதந்தியைத் தவிர்த்துப் பார்த்தால் தாமஸ் இன்ஸ் யார்?

ஹாலிவுட்டின் பழைய மர்மக் கதைகளைப் படித்துவிட்டு வருகிறவர்கள் பெரும்பாலும் இதைத்தான் கேட்பார்கள். பத்திரிகை முதலாளி வில்லியம் ராண்டால்ஃப் ஹார்ஸ்ட்டின் படகில் 1924ல் சுடப்பட்டதாகச் சொல்கிறார்களே, அந்தத் தாமஸ் இன்ஸ் நிஜமாகவே பெரிய தயாரிப்பாளரா, இல்லை அந்த வதந்தியால்தான் பெயர் தங்கியதா?

பெரிய தயாரிப்பாளர்தான். சொல்லப்போனால் அந்த வதந்தி அவருக்குச் செய்தது கெடுதல். முழு ஸ்கிரிப்ட் முதலில், அதை வைத்து பட்ஜெட், பட்ஜெட்டை வைத்து ஷெட்யூல், கேமரா கடைசியில் என்று இன்றைக்கு ஒரு வரிசை இருக்கிறதே, அதை ஒரு ஸ்டுடியோவின் அன்றாட வழக்கமாக்கிக் காட்டியவர்களில் முதலில் சொல்ல வேண்டிய பெயர் இன்ஸ். அதே நேரம் அவரைத் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடவும் எனக்கு மனமில்லை. அடுத்தவர் இயக்கிய படத்தில் தன் பெயரைப் பெரிதாகப் போட்டுக்கொள்ளத் தயங்காத மனிதர். படம் எடுக்கும் இடத்தைக் கச்சிதமான தொழிற்சாலையாக்கத் தெரிந்தவருக்கு, எடுத்த படத்தை விற்கும் கடை கடைசிவரை சொந்தமாக அமையவில்லை. அவருடைய 14 வருடத் திரை வாழ்க்கையை இந்த ஒரு முரணை வைத்தே படித்துவிடலாம்.

பிறந்தது 1880 நவம்பர் 16, ரோட் ஐலண்ட் மாநிலத்தின் நியூபோர்ட். அப்பா, அம்மா இருவரும் மேடை நடிகர்கள். அண்ணன் ஜான், தம்பி ரால்ஃப் இருவரும் பின்னால் சினிமாவில் நடித்தார்கள், இயக்கினார்கள். தாமஸும் சின்ன வயதிலேயே மேடையேறி, 15 வயதில் பிராட்வே வரை போய்விட்டார். அதற்குமேல் நடிப்பு அவரைத் தூக்கிவிடவில்லை. ஆள் குட்டை, கட்டையான உடம்பு, கதாநாயகனுக்கான முகம் இல்லை. 1907ல் எலினோர் கெர்ஷா என்ற நடிகையைத் திருமணம் செய்துகொண்டார். நெல் என்று கூப்பிடுவார்கள். அவருக்குப் பயோகிராஃப் என்ற சினிமாக் கம்பெனியில் பழக்கம் இருந்தது. மேடையில் வேலை இல்லாத நாட்களில் நடிகர்கள் கூச்சத்தோடு எட்டிப்பார்க்கும் இடமாகத்தான் அப்போது சினிமா இருந்தது. 1910ல் இன்ஸும் அப்படித்தான் உள்ளே வந்தார்.

அந்த நேரத்தில் அமெரிக்க சினிமாவுக்குள் யார் வேண்டுமானாலும் நுழைந்துவிட முடியாது. எடிசன், பயோகிராஃப், வைட்டாகிராஃப் முதலான கம்பெனிகள் 1908 கடைசியில் தங்கள் காப்புரிமைகளை ஒன்றாகத் திரட்டி, மோஷன் பிக்சர் பேட்டன்ட்ஸ் கம்பெனி என்று ஒரு கூட்டணி வைத்துக்கொண்டன. உரிமம் இல்லாமல் கேமராவைத் தொட்டால் வழக்கு. ஈஸ்ட்மன் கோடக்கின் ஃபிலிமும் ஆரம்பத்தில் வெளியாட்களுக்குக் கிடைக்காது. இதற்கு அடங்காமல் நின்ற விநியோகஸ்தர் கார்ல் லேம்லி. அவருடைய ஐஎம்பி கம்பெனியில்தான் இன்ஸ் இயக்குநரானார். லேம்லி அப்போதுதான் நடிகை மேரி பிக்ஃபோர்டைப் பயோகிராஃபிலிருந்து வாரம் 175 டாலர் சம்பளத்துக்கு இழுத்து வந்திருந்தார். கூட்டணியின் வக்கீல்களும் வேவுக்காரர்களும் எட்டாத தூரத்தில் படமெடுக்கலாம் என்று 1911 தொடக்கத்தில் ஒரு குழுவைக் கியூபாவுக்கு அனுப்பினார். இயக்கும் பொறுப்பு இன்ஸிடம். அந்தக் காலத்துப் படங்களில் பெரும்பாலானவை தொலைந்துவிட்டன. பிக்ஃபோர்டின் பெயர் முதல் முதலாகத் திரையில் வந்த 10 நிமிடப் படம் ஒன்று, இன்ஸ் இயக்கியதாகக் கருதப்படுவது, 2006ல் நியூ ஹாம்ப்ஷயரில் இடிக்கவிருந்த ஒரு பழைய கொட்டகையில் கிடைத்தது.

கியூபாவிலிருந்து திரும்பியவர் லேம்லியிடம் அதிக நாள் இருக்கவில்லை. நியூயார்க் மோஷன் பிக்சர் என்ற கம்பெனியை ஆடம் கெசல், சார்ல்ஸ் பாமன் என்ற இருவர் நடத்திவந்தார்கள். குதிரைப் பந்தயத்தில் பணம் கட்டி வாங்கும் தொழிலிலிருந்து சினிமாவுக்கு வந்தவர்கள். அவர்களைப் பார்க்கப் போகும்போது இன்ஸ் மீசை வளர்த்துக்கொண்டு, நண்பர் ஒருவரின் வைர மோதிரத்தை இரவல் வாங்கி விரலில் போட்டுக்கொண்டு போனாராம். பசையுள்ள ஆள், சில்லறைச் சம்பளத்துக்கு மசிய மாட்டார் என்று அவர்கள் நினைக்க வேண்டுமே! வாரம் 150 டாலருக்கு முடிந்தது. இன்ஸ் தானே சொல்லிப் பரப்பிய கதை என்பதால் கொஞ்சம் உப்பும் புளியும் கூடியிருக்கலாம். 1911 கடைசியில் மனைவி, நடிகை எதெல் கிராண்டின், கேமராமேன் ரே ஸ்மால்வுட் முதலியவர்களோடு லாஸ் ஏஞ்சலஸின் ஈடன்டேலுக்கு ரயில் ஏறினார்.

அங்கே அந்தக் கம்பெனி பைசன் என்ற பெயரில் கௌபாய் படங்களை எடுத்துத் தள்ளிக்கொண்டிருந்தது. அதே நாலைந்து குதிரை, அதே நாலைந்து ஆள், ஒரே ரீல் (பத்துப் பதினைந்து நிமிடம்). இன்ஸ் சுற்றும் முற்றும் பார்த்தார். ஓக்லஹோமாவின் மில்லர் சகோதரர்கள் நடத்திய 101 ராஞ்ச் என்ற வைல்ட் வெஸ்ட் காட்சிக் குழு, குளிர்காலத்தைக் கழிக்கப் பக்கத்தில் வெனிஸ் கடற்கரையில் கூடாரம் அடித்திருந்தது. கௌபாய்கள், குதிரைகள், காட்டெருமைகள், கூண்டு வண்டிகள், செவ்விந்தியக் குடும்பங்கள் எல்லாம் ஒரே இடத்தில். குளிர்காலத்தில் அவர்களுக்கு வருமானமும் கிடையாது. வாரம் 2,500 டாலருக்கு மொத்தக் குழுவையும் பேசி முடித்தார். இன்ஸின் முதல் பெரிய காரியம் என்று நான் சொல்வது இந்த ஒப்பந்தத்தைத்தான், எந்தப் படத்தையும் இல்லை. 1912ல் வந்த ‘வார் ஆன் தி ப்ளெயின்ஸ்’ இரண்டு ரீல்தான். ஆனால் திரையில் ஒரு கூட்டமே நகர்வதைப் பார்த்து ஜனங்கள் வாயடைத்துப் போனார்கள். பத்துப் பேரைப் பட்டாளமாகக் காட்டிய படங்களுக்குப் பழகிய கண்கள் அவை.

இத்தனை பேரையும் மிருகங்களையும் ஈடன்டேலில் வைத்துச் சமாளிக்க முடியாது. சான்டா மோனிகாவுக்கு வடக்கே, சான்டா இனெஸ் பள்ளத்தாக்கு கடலைத் தொடும் இடத்தில் குத்தகைக்கு நிலம் எடுத்தார்கள். அது 18,000 ஏக்கர் வரை விரிந்தது என்பார்கள். அதற்கு இன்ஸ்வில் என்று பெயர் வந்தது. ஒரு மேட்டில் செவ்விந்தியர்களின் கூடாரங்கள், இன்னொரு பக்கம் மேற்கத்தியக் கடைத்தெரு, சரிவில் ஒரு ஜப்பானியக் கிராமம், கீழே கடற்கரை. தெற்கு டகோட்டாவின் பைன் ரிட்ஜிலிருந்து வந்த ஓக்லாலா சூ மக்கள் அங்கேயே குடியிருந்தார்கள். அவர்களில் வில்லியம் ஈகிள் ஷர்ட் பல படங்களில் முக்கிய வேடம் கட்டினார். 1912ல் வந்த ‘கஸ்டர்ஸ் லாஸ்ட் ஃபைட்’ படத்தில் சூ மக்களின் தலைவர் சிட்டிங் புல்லாக வருவது அவர்தான். அவர்களோடு மோதி மாண்ட அமெரிக்கப் படைத்தளபதி கஸ்டராக நடித்து இயக்கியவர் ஃபிரான்சிஸ் ஃபோர்ட், பின்னாளில் பெரிய இயக்குநரான ஜான் ஃபோர்டின் அண்ணன். (இதே பள்ளத்தாக்கில்தான் 1950ல் பரமஹம்ச யோகானந்தர் தன் ஏரிக்கரைத் தியான நிலையத்தைத் திறந்தார். கௌபாய்கள் துப்பாக்கி சுட்ட இடத்தில் இன்று அன்னங்கள் நீந்துகின்றன.)

அதே 1912ல் ஒரு ரகளையும் நடந்தது. லேம்லியும் சில சுயேச்சைக் கம்பெனிகளும் சேர்ந்து யூனிவர்சல் என்று ஒன்றை ஆரம்பித்தார்கள். கெசலும் பாமனும் அதில் சேர்ந்து, சீக்கிரமே விலகினார்கள். யூனிவர்சல் ஸ்டுடியோவைக் கைப்பற்ற ஆளனுப்ப, இன்ஸ் ஆட்கள் ஆயுதங்களோடு காவல் நின்றார்கள். பழைய பீரங்கி ஒன்றைக்கூட வாசலுக்கு இழுத்து வந்தார்கள் என்று கதை. வழக்கு முடிந்தபோது பைசன் என்ற பெயர் யூனிவர்சலுக்குப் போனது, நிலமும் ஆட்களும் இன்ஸிடம் தங்கின. கெசல், பாமன் முதலெழுத்துக்களில் ‘கே-பீ’, கூடவே ‘பிராங்கோ’, ‘டாமினோ’ என்று புதிய பிராண்டுகளில் படங்கள் தொடர்ந்தன. 1913ல் ஐந்து ரீலில் அமெரிக்க உள்நாட்டுப் போர்ப் படம் ‘தி பேட்டில் ஆஃப் கெட்டிஸ்பர்க்’. அந்தப் போர்க்காட்சி நடக்கும்போது, அதே கம்பெனியின் நகைச்சுவைப் பிரிவான கீஸ்டோனிலிருந்து மேக் செனட் தன் ஆட்களோடு வந்து, இன்ஸ் செலவு செய்த யுத்தத்தின் ஓரத்தில் தன் காமெடிப் படத்தைச் சுருட்டிக்கொண்டு போனார். இன்ஸின் காவியம் இன்று எங்கும் இல்லை. செனட்டின் ஓசிப் படம் இருக்கிறது.

இனி, முதலில் சொன்ன ஸ்கிரிப்ட், பட்ஜெட் என்ற காகித விஷயத்துக்கு வருவோம். இன்ஸின் வாழ்க்கையில் இதுதான் கனமான பகுதி.

தியேட்டர்களுக்கு வாரத்துக்கு இத்தனை ரீல் என்று விநியோகக் கம்பெனி வாக்குக் கொடுத்திருக்கும். ஒரு வாரம் தவறினாலும் சிக்கல். ஒரே ஆள் கதை யோசித்து, இயக்கி, வெட்டி ஒட்டி அனுப்பும் பழைய முறையில் இத்தனை பிராண்டுக்கு ஈடுகொடுக்க முடியாது. இன்ஸ் முதலில் இரண்டு யூனிட்டாகப் பிரித்தார், பிறகு இன்னும் பல யூனிட்டுகள். அப்படிப் பிரித்தவுடன் அடுத்த சிக்கல் வந்தது. கதையை வரிசையாக எடுத்தால் சலூன் செட்டுக்கு மூன்று தடவை போக வேண்டும். சலூன் காட்சிகளை எல்லாம் ஒரே நாளில் எடுத்தால் செலவு குறையும். ஆனால் முன்காட்சியில் தொப்பி தலையில் இருந்ததா, கையில் இருந்ததா, எந்தக் கதவு வழியாக வெளியே போனான் என்பதெல்லாம் முன்கூட்டியே எழுதியிருந்தால்தான் வெட்டி ஒட்டும்போது பொருந்தும். ஆக, விவரமான ஸ்கிரிப்ட் அங்கே கலைத்தாகத்தால் பிறக்கவில்லை, கணக்குப்பிள்ளையின் தேவையால் பிறந்தது. ஸ்டுடியோவின் கணக்கையும் நிர்வாகத்தையும் ஒழுங்குபடுத்திய ஜார்ஜ் ஸ்டவுட்டின் பெயரையும் இங்கே சொல்லத்தான் வேண்டும். எழுத்துப் பக்கம் ரிச்சர்ட் ஸ்பென்சர், அவருக்குப் பிறகு சி. கார்ட்னர் சல்லிவன். அந்தத் தலைமுறையின் மிகச் சிறந்த திரைக்கதை ஆசிரியர்களில் சல்லிவனும் ஒருவர்.

இன்ஸ்வில் ஸ்கிரிப்ட்கள் சில இன்றும் இருக்கின்றன. ஒன்றைப் புரட்டினால் முதல் பக்கத்தில் படத்தின் பெயர், எழுதியவர், இயக்குபவர், படப்பிடிப்பு தொடங்கிய நாள், முடிந்த நாள், அனுப்பிய நாள். அடுத்து நடிகர் பட்டியல். அதற்கடுத்து லொக்கேஷன் பட்டியல்: இந்த உள் செட்டில் இன்னின்ன எண்ணுள்ள காட்சிகள், இந்த வெளிப்புறத்தில் இன்னின்ன எண்கள். பிறகுதான் காட்சிகள். 1914ல் எடுத்த ஒரு கௌபாய் படத்தின் முதல் காட்சி சலூனில், பார் மேஜைக்கு மிக அருகே கேமராவை வைத்துத் தொடங்குகிறது. ஆட்கள் குடித்துக்கொண்டு சிரித்துப் பேசுகிறார்கள், யாருக்கும் யார்மீதும் சந்தேகமில்லை. அவர்களில் ஒருவன் படச்சட்டத்துக்கு வெளியே எதையோ பார்க்கிறான், சிரிப்பு வடிந்து முகத்தில் கவலை இறங்குகிறது. வில்லன் வருகிறான் என்று ஒரு சொல்கூட எழுதவில்லை. கேமரா எங்கே, நடிகன் முகத்தில் என்ன, அடுத்த ஷாட் எதைக் காட்ட வேண்டும், மூன்றும் அந்த நாலு வரிக்குள் வந்துவிட்டன. எந்த இடத்தில் எந்த டைட்டில் கார்டு (பேசாத படத்தில் வசனத்தை எழுதிக் காட்டும் அட்டை), எந்தக் காட்சிக்கு எந்த நிறச்சாயம் என்பதும் பக்கத்திலேயே. கடைசியில் செலவுக் கணக்கு. 

‘எழுதியபடியே எடு’ என்று ஸ்கிரிப்ட் அட்டையில் இன்ஸ் ரப்பர் ஸ்டாம்ப் அடித்துக் கொடுப்பார் என்ற கதையை சினிமா வரலாறுகளில் அடிக்கடி பார்க்கலாம். ஸ்டாம்ப் இருந்ததோ இல்லையோ, தன்னைக் கேட்காமல் காட்சியைச் சேர்க்கவோ நீக்கவோ மாற்றவோ வேண்டாம் என்ற கண்டிப்பு ஸ்கிரிப்டிலேயே எழுதப்பட்டிருந்தது. அடுத்த காலத்து ஸ்டுடியோக்கள் எல்லாம் பிடித்துக்கொண்டது இந்தப் புள்ளியைத்தான். இயக்குநர் செட்டில் நின்று எடுக்கும் முடிவுகளில் பாதியை, செட்டுக்கு வராத ஒருவர் மேஜையில் உட்கார்ந்து முன்பே எடுத்துவிட்டார். மறுபாதியை இன்ஸ் எடிட்டிங் அறையில் எடுத்தார். அன்றன்று எடுத்ததைப் போட்டுப் பார்ப்பார், வெட்டுவார், டைட்டில் கார்டுகளை மாற்றுவார். ஒப்பேறாத படத்தைத் தேற்றிவிடுவதில் கெட்டிக்காரர் என்று பெயர். 1913க்குப் பிறகு அவர் நேரடியாக இயக்கியது மிகக் குறைவு.

ஆனால் போஸ்டரிலும் திரையிலும் யார் பெயர் கொட்டை எழுத்தில்? தாமஸ் ஹெச். இன்ஸ். உண்மையில் இயக்கிய ரெஜினால்ட் பார்க்கர், ரேமண்ட் வெஸ்ட், வால்டர் எட்வர்ட்ஸ் போன்றவர்கள் சின்ன எழுத்தில், சில சமயம் அதுவும் இல்லாமல். ஃபிரான்சிஸ் ஃபோர்ட் சீக்கிரமே யூனிவர்சலுக்குப் போனதற்கு இந்தக் கசப்பும் ஒரு காரணம் என்பார்கள். இதில் பெரிய வேடிக்கை பிரான்ஸில் நடந்தது. லூயி டெல்லுக் போன்ற விமர்சகர்கள் இன்ஸை அன்றைய பெரிய இயக்குநர் டி.டபிள்யூ. கிரிஃபித்துக்குச் சமமான கலைஞன் என்று எழுதினார்கள். அவர்கள் புகழ்ந்த காட்சிகளில் பலவற்றை எடுத்தவர் பார்க்கர், எழுதியவர் சல்லிவன். கிரிஃபித்தின் ஸ்கிரிப்ட் பெரும்பாலும் அவர் தலைக்குள் இருந்தது, அவர் போனதும் அந்த முறையும் போனது. இன்ஸின் முறை காகிதத்தில் இருந்ததால் யாரும் எடுத்துக்கொள்ள முடிந்தது. இருவரையும் ஒப்பிடுவதென்றால் இப்படித்தான் ஒப்பிட வேண்டும் என்பது என் கட்சி.

நடிகர்களில் இரண்டு பேரைப் பற்றிச் சொல்லாமல் போக முடியாது. ஒருவர் ஜப்பானிய நடிகர் செசூ ஹயகாவா. 1914 ஜனவரியில் ஜப்பானின் சகுராஜிமா எரிமலை வெடித்தது. அதே ஆண்டு ஜூனில் எரிமலை வெடிக்கும் ஜப்பானியக் கதையாக ‘தி ரேத் ஆஃப் தி காட்ஸ்’ தியேட்டரில் இருந்தது! ஹயகாவாவும் சுரு அவோகியும் அதில் நடித்தார்கள். தொடர்ந்து ‘தி டைஃபூன்’. ஹயகாவா அமெரிக்காவின் பெரிய நட்சத்திரங்களில் ஒருவராகும் பாதை இங்கேதான் தொடங்கியது.

இன்னொருவர் வில்லியம் எஸ். ஹார்ட். இன்ஸின் மேடைக் காலத்து நண்பர். ஷேக்ஸ்பியர் வசனம் பேசிய நடிகர், வயது ஐம்பதை நெருங்கியிருந்தது. 1914ல் இன்ஸ்வில் வந்து ‘தி பார்கெய்ன்’ படத்தில் நடித்துவிட்டு நியூயார்க் திரும்பினார். படம் ஓடப்போகிறது என்று இன்ஸுக்குத் தெரிந்துவிட்டது. அதைச் சொல்லாமல் ஹார்ட்டைக் கூப்பிட்டு வாரம் 125 டாலருக்கு நடிகர், இயக்குநர் இரண்டு வேலைக்கும் ஒப்பந்தம் போட்டுவிட்டார். ஹார்ட் பின்னாளில் எழுதிய நினைவுகளில் இந்தக் காயம் ஆறவே இல்லை. நாட்டின் முன்னணி நட்சத்திரங்களில் ஒருவரான பிறகும் மற்றவர்களின் சம்பளத்துக்குப் பக்கத்தில் அவர் வரவில்லை. கடைசியில் தன் புகழ்பெற்ற குதிரை ஃபிரிட்ஸை, இன்ஸுக்கு லாபம் போகும் படங்களில் நடிக்கவிடாமல் கொட்டிலில் நிறுத்திப் பழி தீர்த்துக்கொண்டார். சிநேகிதனிடமே இப்படிக் கறார் பார்த்த முதலாளி மற்றவர்களிடம் எப்படி இருந்திருப்பார் என்று ஊகித்துக்கொள்ளலாம்.

1915 ஜூலையில் ஹாரி எய்ட்கன் என்பவர் கிரிஃபித், இன்ஸ், செனட் மூவரையும் சேர்த்து டிரையாங்கிள் கம்பெனியைத் தொடங்கினார். அன்றைய அமெரிக்காவின் மூன்று பெரிய பெயர்கள் ஒரே குடைக்கீழ். செப்டம்பர் 23 அன்று நியூயார்க்கின் நிக்கர்பாக்கர் தியேட்டரில் மூவரின் தயாரிப்பும் ஒரே நிகழ்ச்சியாக, நாடகத்துக்கு நிகரான டிக்கெட் விலையில் ஆரம்பமானது. இன்ஸ் பங்குக்கு வந்தது டஸ்டின் ஃபார்னம் நடித்த ‘தி அயர்ன் ஸ்ட்ரெய்ன்’. மேடையின் பெரிய பெயர்களை எக்கச்சக்கச் சம்பளத்துக்குக் கூட்டி வந்தார்கள். சினிமா பார்க்கிற ஜனங்களுக்கு அவர்கள் யாரென்றே தெரியவில்லை. அந்தக் கம்பெனியில் நிஜமாகச் சம்பாதித்துக் கொடுத்தவர்கள் ஹார்ட்டும், மேடையிலிருந்து வந்தும் சினிமாவுக்கென்றே பிறந்தவர்போல் இருந்த டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸும்.

இதே காலத்தில் கல்வர் சிட்டி வந்தது. ஹாரி கல்வர் என்ற மனை வியாபாரி, பல்லோனா ஓடையில் இன்ஸ் ஷூட்டிங் நடத்துவதைப் பார்த்து, தன் புது ஊருக்கு ஸ்டுடியோ வந்தால் மனை விலை ஏறும் என்று கணக்குப் போட்டார். வாஷிங்டன் பொலிவார்டில் வரிசைத் தூண்கள் வைத்த முகப்போடு ஸ்டுடியோ எழுந்தது. பிறகு அது கோல்ட்வினுக்குப் போய், எம்ஜிஎம் ஆகி, இன்று சோனி. தூண்கள் இன்றும் நிற்கின்றன.

1916ன் ‘சிவிலைசேஷன்’ இன்ஸின் மிகப் பெரிய பந்தயம். ஒரு கற்பனை நாட்டின் நீர்மூழ்கிக் கப்பல் தளபதி, பயணிகள் கப்பலைத் தாக்கச் சொன்ன உத்தரவை மறுக்கிறான், மூழ்குகிறான். அவன் உடலில் கிறிஸ்து இறங்கி வந்து அரசனுக்குப் போரின் நாசத்தைக் காட்டுகிறார். முந்தைய ஆண்டுதான் லூசிட்டானியா என்ற பயணிகள் கப்பலை ஜெர்மன் நீர்மூழ்கி மூழ்கடித்திருந்ததால் யாருக்கும் விளக்கம் தேவைப்படவில்லை. அந்த நவம்பரில் ‘நம்மைப் போரில் இறங்காமல் காத்தவர்’ என்ற முழக்கத்தோடு அதிபர் உட்ரோ வில்சன் மீண்டும் ஜெயித்ததற்கு இந்தப் படமும் ஒரு காரணம் என்று அவருடைய கட்சியினரே பேசினார்கள். 1917 ஏப்ரலில் அமெரிக்கா போரில் இறங்கியதும் படத்தை ஓரங்கட்டினார்கள். இன்ஸும் 1918க்குள் ஜெர்மன் ஒற்றர்களைப் பிடிக்கும் படங்களைத் தயாரித்துக்கொண்டிருந்தார். கொள்கை மாறியதாக அவரைக் குறை சொல்ல மாட்டேன். கொள்கை என்று ஒன்று இருந்ததாகவே எனக்குத் தோன்றவில்லை. ஜனங்கள் எதைக் கேட்கிறார்களோ அது முந்தின மாதமே தயாராக இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

டிரையாங்கிள் 1917ல் ஆட்டம் கண்டது. பாரமவுண்டின் அடால்ஃப் ஸூக்கர், கிரிஃபித், இன்ஸ், செனட் மூவரையும் தன் விநியோகத்துக்கு இழுத்துக்கொண்டார். இன்ஸ் அதே வாஷிங்டன் பொலிவார்டில் இரண்டாவது ஸ்டுடியோ கட்டினார். ஜார்ஜ் வாஷிங்டனின் மவுண்ட் வெர்னன் மாளிகையைப் போன்ற வெள்ளை முகப்பு கொண்ட அலுவலகம். பின்னாளில் தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக்கின் படங்கள் தொடங்கும்போது சின்னமாக வரும் கட்டடம் இதுதான். ஆனால் ஸூக்கரின் கணக்கு வேறு. அவர் தியேட்டர்களை வாங்கிக்கொண்டிருந்தார். படம் யார் எடுத்தால் என்ன, ஓடும் தியேட்டர் என்னுடையது என்பது அவர் நிலை. 1919 நவம்பரில் இன்ஸ், செனட், ஆலன் டுவான், மார்ஷல் நீலன், மோரிஸ் டூர்னர் முதலியவர்கள் அசோசியேட்டட் புரொட்யூசர்ஸ் என்று ஒரு விநியோக அமைப்பை ஆரம்பித்தார்கள். இரண்டே வருடத்தில் அது ஃபர்ஸ்ட் நேஷனல் என்ற பெரிய கம்பெனியோடு கரைந்துவிட்டது. 1923ல் யூஜின் ஓ'நீலின் ‘அன்னா கிறிஸ்டி’ நாடகத்தை பிளான்ச் ஸ்வீட்டை வைத்துத் தயாரித்தார். நல்ல படம், மரியாதை கிடைத்தது. ஆனால் கடன் வாங்கிப் படமெடுத்து, அடுத்தவர் தியேட்டரில் இடம் கேட்டு நிற்கும் சுயேச்சைத் தயாரிப்பாளராகத்தான் கடைசி ஐந்து வருடமும் ஓடியது. அவர் வகுத்த முறையை வைத்துக்கொண்டு மற்றவர்கள் பெரிதாக வளர்ந்த அதே வருடங்கள் அவை.

அந்தப் படகுக்கு அவர் போனதற்கும் காரணம் இதுதான். ஹார்ஸ்ட்டின் காஸ்மோபாலிட்டன் கம்பெனி இன்ஸின் ஸ்டுடியோவில் படமெடுப்பது பற்றிப் பேச்சு நடந்துகொண்டிருந்தது. அது முடிந்தால் நிலையான பணம். 1924 நவம்பர் 16, அவருடைய 44வது பிறந்தநாளன்று, சான் டியாகோவில் ‘ஒனைடா’ படகில் ஏறினார். ஹார்ஸ்ட்டின் காதலியான நடிகை மேரியன் டேவிஸ், எழுத்தாளர் எலினோர் கிளின், இன்னும் சில நடிகைகள் அங்கே இருந்தார்கள். இரவு விருந்துக்குப் பிறகு உடம்பு சரியில்லை. டேனியல் கார்சன் குட்மன் என்பவர், மருத்துவம் படித்தவர், அவரைக் கரைக்குக் கூட்டி வந்து ரயிலேற்றினார். நிலைமை மோசமாக, டெல் மாரில் இறக்கினார்கள். மனைவி நெல் வந்து பெனடிக்ட் கான்யன் வீட்டுக்கு அழைத்துப் போனார். 19ம் தேதி இறந்தார். இறப்புச் சான்றிதழில் இதயச் செயலிழப்பு. வயிற்றுப் புண், நெஞ்சுவலி இரண்டும் அவருக்கு முன்பே உண்டு.

மேரியன் விஷயத்தில் சாப்ளின்மேல் பொறாமைப்பட்ட ஹார்ஸ்ட், ஆள் மாறி இன்ஸைச் சுட்டார் என்பது வதந்தி. சாப்ளின் தான் அந்தப் படகிலேயே இல்லை என்று எழுதினார். ஆனால் அவர் சொல்லும் நாட்கணக்கும் இன்ஸ் இறந்த தேதியும் ஒத்துப்போகவில்லை, அது வேறு எரிகிற தீயில் எண்ணெய். உடல் தகனம் செய்யப்பட்டதால் சந்தேகம் வளர்ந்தது. தகனத்துக்கு முன் திறந்த பெட்டியில் பலர் முகம் பார்த்தார்கள் என்பதை வதந்திக்காரர்கள் சொல்வதில்லை. சான் டியாகோ அரசு வழக்கறிஞர் விசாரித்து, இயற்கை மரணம் என்று கோப்பை மூடினார். என் கருத்து: மதுவிலக்குச் சட்டம் அமலில் இருந்த காலம், படகில் மது இருந்தது, முதலாளியோடு அவர் காதலியும் இருந்தார். பத்திரிகைச் சாம்ராஜ்யம் வைத்திருப்பவர் வாயை மூடிக்கொள்ள இவ்வளவு போதும், கொலை தேவையில்லை. குண்டுக்கதைக்கு இதுவரை யாரும் ஒரு காகித ஆதாரம் காட்டியதில்லை. எல்லாவற்றையும் காகிதத்தில் வைத்திருந்த மனிதர் விஷயத்தில் இப்படி!

நெல் கம்பெனியை மூடினார். ஸ்டுடியோ இயக்குநர் செசில் பி. டிமில்லிடம் போனது. 1920களின் பிற்பகுதியில் ஹாலிவுட்டில் ‘ஷாத்தோ எலிசே’ என்ற ஆடம்பரக் குடியிருப்பைக் கட்டி நடத்தினார் நெல். அது ஹார்ஸ்ட் கொடுத்த வாய்ப்பூட்டுப் பணம் என்று அதற்கும் ஒரு வதந்தி.

எந்தப் படத்திலிருந்து பார்க்கத் தொடங்குவது என்றால், அவர் பெயரில் உள்ள சுமார் 800 படங்களில் பெரும்பகுதி குறும்படங்கள், நிறையத் தொலைந்தும் போய்விட்டன. மிஞ்சியதில் முதலில் ‘தி இட்டாலியன்’ (1915). பார்க்கர் இயக்கியது. நியூயார்க் ஒண்டுக்குடித்தனத்தில் குழந்தைக்குச் சுத்தமான பால் வாங்க முடியாமல் தவிக்கும் படகோட்டியாக ஜார்ஜ் பீபன். இத்தாலிய வெனிஸாக வருவது கலிபோர்னியாவின் வெனிஸ் கால்வாய்கள்தான். அடுத்து ‘ஹெல்ஸ் ஹின்ஜஸ்’ (1916). ஹார்ட், சல்லிவன், கேமராவில் ஜோசப் ஆகஸ்ட், கடைசியில் ஊரே பற்றி எரியும் காட்சி. ‘சிவிலைசேஷன்’ பொறுமை இருந்தால் மட்டும். மூன்றும் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டில் உள்ளவை, காப்புரிமைக் காலமும் எப்போதோ முடிந்துவிட்டதால் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கும். ஒரே படத்துக்கு நாலைந்து பிரதிகள் இருந்தால் நீளம் அதிகமுள்ளதை எடுங்கள். வேகமாக ஓட்டிய பிரதிகளில் ஹார்ட்கூட சாப்ளின்போலத் தத்தித் தத்தி நடப்பார்.